தூதரகத்திலிருந்து தொண்டுக்கு: ஒரு தங்கச்சியின் கேள்விக்குப் பதில்

கிழக்குப் பல்கலைக்கழகத்தின் திருகோணமலை வளாகத்தில் இறுதி வருடம் படிக்கும் ஒரு தங்கச்சி எனக்கு எழுதியிருந்தார். அவருடைய கேள்வி இதுதான்: "வெளிநாடுகளில் தூதுவர்களாக இருந்தவர்கள் பிறகு பெரிய தொண்டு நிறுவனங்களுக்குத் தலைவர்களாக வருகிறார்கள். விருந்தும் வரவேற்புமாக வாழ்ந்தவர்களுக்கு அகதி முகாமைப் பற்றி என்ன தெரியும்? பெயருக்காகத்தான் அவர்களைப் பிடித்து வைக்கிறார்களா? எங்கள் ஊர்ப் பிள்ளைகளுக்கும் அந்தப் பாதை உண்டா?"

தங்கச்சி, நான் மொழிபெயர்ப்பாளனாகத் தொடங்கி, கள உத்தியோகத்தனாகி, இருபது வருடத்துக்கு மேல் இந்த மாவட்டத்தில் நிவாரண வேலை செய்தவன். அப்படி வந்த தலைவர்கள் சிலரைப் பக்கத்தில் இருந்து பார்த்திருக்கிறேன். அவர்கள் பேசியதைத் தமிழிலும், சனம் பேசியதை ஆங்கிலத்திலும் மாற்றிச் சொன்னது என் வாய். அதனால் கொஞ்சம் நீட்டியே சொல்கிறேன்.

பெயருக்காக வைக்கப்பட்டவர்களும் உண்டு, அதை மறைக்கத் தேவையில்லை. ஆனால் போர் நடக்கிற இடத்தில் வேலை செய்யும் நிறுவனத்துக்கு ஒரு இராஜதந்திரி தேவைப்படுவதற்குத் திடமான காரணம் ஒன்று இருக்கிறது. அரிசியும் மருந்தும் காசு இருந்தால் வாங்கலாம். அவற்றை ஆற்றுக்கு அந்தப் பக்கம் கொண்டுபோவதென்றால், துவக்கு வைத்திருக்கிற இரண்டு தரப்பும் "சரி, போங்கள்" என்று சொல்ல வேண்டும். அந்தச் "சரி"யை வாங்குவதுதான் இந்தத் தொழிலின் முள்ளந்தண்டு.

சட்டமே அப்படித்தான் எழுதப்பட்டிருக்கிறது. 1949ஆம் ஆண்டின் நான்கு ஜெனீவா உடன்படிக்கைகளுக்கும் பொதுவாக மூன்றாம் உறுப்புரை என்று ஒன்று உண்டு. உள்நாட்டுப் போர்களுக்கு உரியது அது. பக்கச்சார்பற்ற மனிதாபிமான அமைப்பு ஒன்று, சர்வதேச செஞ்சிலுவைக் குழுவைப் போல, தன் சேவையைச் சண்டைபிடிக்கும் தரப்புகளிடம் முன்வைக்கலாம் என்று அது சொல்கிறது. முன்வைக்கலாம், அவ்வளவுதான். உள்ளே போய்விடும் உரிமை அந்த வரியில் இல்லை. போய்க் கேட்கும் உரிமை இருக்கிறது. கேட்டு, இணங்க வைத்து, இணங்கியதை அடுத்த நாளும் நினைவில் வைத்திருக்கச் செய்வது மனிதர்களின் வேலை. அந்த வேலைக்கு எந்தப் பயிற்சி பொருந்தும் என்று யோசித்துப் பாருங்கள்.

செஞ்சிலுவைக் குழுவின் தலைவர்களைப் பார்த்தால் இது விளங்கும். 1863இல் தொடங்கிய அந்த அமைப்புக்குத் தலைவராக வருபவர் சுவிஸ் நாட்டவர். 1987 முதல் 1999 வரை கொர்னேலியோ சொமாருகா, 2000 முதல் 2012 வரை யாக்கோப் கெலன்பெர்கர், 2012 முதல் 2022 வரை பீற்றர் மௌரர், 2022 ஒக்ரோபரிலிருந்து மிரியானா ஸ்போல்யாரிச். நான்கு பேருமே சுவிஸ் இராஜதந்திர சேவையிலிருந்து வந்தவர்கள். கெலன்பெர்கர் சுவிஸ் அரசின் சார்பில் ஐரோப்பிய ஒன்றியத்தோடு வருடக்கணக்காக ஒப்பந்தம் பேசியவர். மௌரர் நியூயோர்க்கில் ஐ.நா.வுக்கான சுவிஸ் தூதுவராக இருந்தவர். அந்தப் பதவிக்கு வந்த முதல் பெண் ஸ்போல்யாரிச்.

சரி, ஜெனீவாவில் யார் நாற்காலியில் இருந்தால் திருகோணமலை உட்துறைமுக வீதியில் இருக்கிற எங்களுக்கு என்ன? நீங்கள் கேட்காவிட்டாலும் நான் பதில் சொல்ல வேண்டிய கேள்வி இது.

2009 பெப்ரவரியை எங்கள் ஊரில் யாரும் மறந்திருக்க மாட்டார்கள். உங்களுக்கு அப்போது நினைவு தெரிகிற வயதாக இருந்திருக்குமோ தெரியாது. போரின் கடைசி மாதங்கள் அவை. சனம் அகப்பட்டிருந்த முல்லைத்தீவுப் பக்கத்துப் புதுமாத்தளன் கரையிலிருந்து காயக்காரரை ஏற்றிக்கொண்டு செஞ்சிலுவைக் கொடியோடு கப்பல் திருகோணமலைக்கு வந்தது. முதல் பயணம் பெப்ரவரி 10ஆம் திகதி, இருநூற்றி நாற்பது பேரளவில் வந்தார்கள். 'கிரீன் ஓஷன்' என்பது அந்தக் கப்பலின் பெயர். மாத்தளன் கரையில் துறைமுகம் கிடையாது. மீன்பிடி வள்ளங்களில் காயக்காரரைக் கிடத்தி, ஆழத்தில் நிற்கும் கப்பலுக்குக் கொண்டுபோய் ஏற்ற வேண்டும். மே மாதம் 9ஆம் திகதி வரை இது நடந்தது. காயக்காரரும் அவர்களோடு வந்த உறவுகளுமாக 13,000க்கும் மேற்பட்டவர்கள் இந்த வழியாகத் தப்பி வந்தார்கள். இடையில் புல்மோட்டையில் இந்திய மருத்துவக் குழு ஒன்று தற்காலிக ஆஸ்பத்திரி போட்ட பிறகு பல பயணங்கள் அங்கே போய்ச் சேர்ந்தன.

நான் அப்போது எங்கள் நிறுவனத்தின் பாய், சாரம், சவர்க்காரப் பொதிகளோடு ஆஸ்பத்திரி வாசலில் நின்றேன். அம்புலன்ஸ் ஒன்றிலிருந்து ஒரு பெண்ணை இறக்கினார்கள். பத்து வயது மதிக்கத்தக்க அவருடைய மகன், தாயின் சேலைன் போத்தலைத் தலைக்கு மேலே தூக்கிப் பிடித்தபடி கூடவே இறங்கினான். அவன் கை நடுங்கிக்கொண்டிருந்தது. "தம்பி, தாங்கோ, நான் பிடிக்கிறன்" என்று கை நீட்டினேன். அவன் தரவில்லை. வாட்டுக்குள் கம்பியில் கொளுவும் வரைக்கும் அவனே பிடித்திருந்தான். கப்பலிலும் அப்படியே பிடித்துக்கொண்டு வந்தவன் என்று பிறகு கூட வந்த ஒரு அம்மா சொன்னார்.

அந்தப் பிள்ளையின் கைக்கும் ஜெனீவாவுக்கும் நடுவில் எத்தனை "சரி"கள் இருந்தன என்று எண்ணிப் பாருங்கள். கப்பல் எந்த நாள் புறப்படும், கரையிலிருந்து எவ்வளவு தூரத்தில் நிற்கும், யார் ஏறலாம், அந்த நேரத்தில் யார் சுடாமல் இருப்பார்கள். இரண்டு தரப்பும் இணங்காமல் ஒரு பயணமும் நடக்காது. ஒவ்வொரு பயணத்துக்கும் புதிதாகப் பேச வேண்டும். கெலன்பெர்கர் நேரடியாக இதைப் பேசினார் என்று நான் சொல்லவில்லை. பேசியது கொழும்பிலும் வன்னியிலும் இங்கேயும் இருந்த ஊழியர்கள். ஆனால் அவர்கள் சொன்ன சொல்லுக்குப் பின்னால் ஒரு அமைப்பின் நம்பிக்கை நின்றது. இந்த அமைப்பு கேட்டதை வெளியே போய்ப் பத்திரிகைக்குச் சொல்லாது, ஒரு பக்கத்தின் செய்தியை மற்றப் பக்கத்துக்குக் கடத்தாது என்ற நம்பிக்கை. அந்த ஒழுக்கம் மேலிருந்து கீழே வருகிறது. தலைவர் கமராவைக் கண்டவுடன் வாய் திறப்பவராக இருந்தால், கீழே இருப்பவரின் வாக்குக்குப் பெறுமதி இருக்காது.

அந்த மௌனத்தால் எங்கள் சனத்துக்குக் கோபமும் வந்தது. "இவ்வளவையும் பார்த்துவிட்டு ஏன் உலகத்துக்குச் சொல்லவில்லை?" என்று என்னிடமே கேட்டிருக்கிறார்கள், நான் வேறு நிறுவனத்தில் இருந்தபோதும். நியாயமான கேள்வி. இந்த இடத்தில் மனிதாபிமான உலகமே இரண்டாகப் பிரிந்து நிற்கிறது. நைஜீரியாவின் பியாஃப்ரா போரில் வேலை செய்த பிரெஞ்சு மருத்துவர்கள் சிலருக்கு அந்த மௌனத்தைத் தாங்க முடியவில்லை. 1971இல் எல்லைகளற்ற மருத்துவர்கள் அமைப்பு உருவானதற்கு அதுவும் ஒரு காரணம். கண்டதைச் சொல்வதும் சிகிச்சையின் பகுதி என்றார்கள் அவர்கள். செஞ்சிலுவைக் குழு பொறுத்திருந்து, இனியும் பொறுக்க முடியாத கட்டத்தில் மட்டும் சொல்லும். 2009 மே 14ஆம் திகதி அப்படிச் சொன்னது. கற்பனைக்கு எட்டாத மனிதாபிமானப் பேரழிவை எங்கள் ஊழியர்கள் கண்ணால் காண்கிறார்கள் என்று அதன் நடவடிக்கைப் பணிப்பாளர் பியர் கிரேன்பூல் அறிவித்தார். போர் முடிய நாலைந்து நாட்களே இருந்தன. பிந்தி வந்த சொல்தான். முந்தி வந்திருந்தால் கப்பல் நின்றிருக்கும் என்பார்கள் ஒரு சாரார். அந்தச் சிறுவனைப் பார்த்தவன் என்ற முறையில், கப்பல் வந்ததே பெரிது என்றுதான் எனக்குப் படுகிறது. மாத்தளனில் தாயைப் புதைத்துவிட்டு வந்தவருக்கு அப்படிப் படாது. அவரோடு வாதாட எனக்கு வாயில்லை.

எப்போது பேசுவது, எப்போது அடக்குவது என்பதில் வேறு மாதிரியான ஒரு இராஜதந்திரியும் இருக்கிறார். நோர்வேயின் யான் எகலாண்ட். 1990களில் நோர்வே வெளிநாட்டமைச்சில் இராஜாங்கச் செயலாளர், இஸ்ரேலுக்கும் பலஸ்தீனருக்கும் இடையிலான ஒஸ்லோ ஒப்பந்தப் பேச்சுகளில் பங்கெடுத்தவர். பிறகு நோர்வே செஞ்சிலுவைச் சங்கத்தின் செயலாளர் நாயகம். சுனாமி வந்தபோது ஐ.நா.வின் அவசர நிவாரண ஒருங்கிணைப்பாளராக இருந்தார். அலை வந்த மறுநாள், 2004 டிசம்பர் 27ஆம் திகதி, பணக்கார நாடுகள் ஏன் இவ்வளவு கஞ்சத்தனமாக இருக்கின்றன என்று பகிரங்கமாகக் கேட்டார். வாஷிங்டனுக்குக் கோபம் வந்தது. அமெரிக்கா முதலில் அறிவித்த உதவி 15 மில்லியன் டொலர். அது 35 மில்லியனாகி, வருடம் முடிவதற்குள் 350 மில்லியனாகியது. ஒரு வார்த்தையால் மட்டும் அது நடக்கவில்லை, அழிவின் அளவும் அந்த நாட்களில்தான் வெளியே தெரியவந்தது. ஆனாலும் எந்த நாளில் எந்தச் சொல்லைப் போட்டால் எந்த வாசல் திறக்கும் என்று தெரிந்த ஒருவர் போட்ட சொல் அது. 2013இலிருந்து அவர் நோர்வே அகதிகள் பேரவையை நடத்துகிறார்.

இதெல்லாம் மேல்மட்டம். கீழே நான் கண்டதைச் சொல்கிறேன்.

சுனாமிக்குப் பிறகு எங்கள் கச்சேரியில், அதாவது மாவட்டச் செயலகத்தில், ஒவ்வொரு நாளும் கூட்டம். எங்கள் மாவட்டத்தில் மட்டும் ஆயிரம் பேருக்கு மேல் செத்திருந்தார்கள். நாடு முழுக்க 35,000க்கும் மேல். வெளிநாட்டு நிறுவனங்கள் வந்து குவிந்தன. ஒரு அமைப்பின் தலைவர் ஐரோப்பாவிலிருந்து வந்தார். முன்பு தூதுவராக இருந்தவர் என்று சொல்லி எங்களைத் தயார்படுத்தினார்கள். நான் கழுத்துப்பட்டி கட்டிக்கொண்டு போனேன். அவர் கால்சட்டையை முழங்கால் வரை மடித்துவிட்டு நிலாவெளிப் பக்கம் ஒரு தறப்பாள் கொட்டிலுக்கு முன்னால் மணலில் இருந்துவிட்டார். எத்தனை குடும்பம், எத்தனை வீடு என்று கேட்கவில்லை, அது கச்சேரித் தாளில் இருந்தது. "பெண்கள் எங்கே குளிக்கிறீர்கள்?" என்று கேட்டார். நான் அதைத் தமிழில் சொல்லக் கூச்சப்பட்டு நின்றேன். ஒரு வயதான அம்மா விளங்கிக்கொண்டு தானே சொன்னார். கிணறு முழுக்க உப்பு, தண்ணீர் பவுசர் மத்தியானம்தான் வருகிறது, அந்த வெளிச்சத்தில் எங்கே குளிக்கிறது, மூன்று நாளாகக் குளிக்கவில்லை என்று.

அவர் அங்கே ஒன்றும் வாக்குக் கொடுக்கவில்லை. வாகனத்தில் ஏறியதும் சின்னக் கொப்பி ஒன்றை எடுத்து, யார் சொன்னது, என்ன சொன்னது என்று ஐந்து நிமிடம் எழுதினார். பின்னேரம் பொறுப்பான அரச உத்தியோகத்தரைச் சந்தித்தபோது, முதல் இருபது நிமிடம் அந்த உத்தியோகத்தரின் குடும்பம், அவருடைய ஊழியர்களில் யார் தப்பினார்கள், யார் இல்லை என்பதைத்தான் கேட்டார். அந்த மனிதரிடம் அதுவரை யாருமே அதைக் கேட்டிருக்கவில்லை. அவருக்குக் கண் கலங்கிவிட்டது. அதன் பிறகு பவுசர் விஷயம் இரண்டே நிமிடத்தில் முடிந்தது. அடுத்த நாள் விடியப்புறம் இருட்டோடு தண்ணீர் வந்தது.

இராஜதந்திரம் என்றால் என்ன என்று யாராவது என்னிடம் கேட்டால் நான் அந்தப் பவுசரைத்தான் சொல்வேன். இரகசியம், விருந்து எல்லாம் பிறகு. எதிரில் இருப்பவர் எதைத் தாங்கிக்கொண்டு இருக்கிறார் என்று அறிந்து, அதற்குப் பிறகு கேட்பது. கேட்டதை அன்றிரவே எழுதி வைப்பது. தூதரகங்களில் இளம் அதிகாரிகளுக்கு முதலில் பழக்குவதே இதைத்தான், சந்திப்பு முடிந்தவுடன் குறிப்பு எழுதுவது. எங்கள் நிறுவனங்களில் இந்தப் பழக்கம் இல்லாமல் எத்தனை வாக்குறுதிகள் காற்றில் போயின என்று எனக்குத் தெரியும்.

இன்னொன்றும் அவரிடம் படித்தேன். அவர் ஒருபோதும் சின்ன அதிகாரியைத் தாண்டிப் பெரியவரிடம் போகமாட்டார். கப்டனிடம் பேசாமல் பிரிகேடியரிடம் போய் அனுமதி வாங்கினால், கடிதம் கையில் இருக்கும், ஆனால் லொறி அடுத்த நாளும் சோதனைச் சாவடியில் நிற்கும்.

மற்ற வகையையும் சொல்லாவிட்டால் பதில் முழுமையாகாது. வேறொரு நிறுவனத்துக்கு வந்த முன்னாள் தூதுவர் ஒருவர் கொழும்பை விட்டு வெளியே வர விரும்பாதவர். லொறிகள் தடுத்து நிறுத்தப்பட்டபோது அமைச்சுக்கு அழகான ஆங்கிலத்தில் கடிதம் எழுதினார். பதில் வர ஏழு கிழமை. அதற்கிடையில் மாரி தொடங்கி, களஞ்சியத்தில் இருந்த விதைநெல் முளைத்துவிட்டது. அவர் கெட்ட மனிதரில்லை. தூதுவராக இருந்தபோது கடிதத்துக்குப் பின்னால் ஒரு அரசாங்கம் இருந்தது. இப்போது பின்னால் நின்றது நாங்கள் பதினொரு பேரும் இரண்டு பிக்கப்பும். அந்த வித்தியாசம் அவருக்குக் கடைசி வரை பிடிபடவில்லை.

இங்கேதான் தூதரக அனுபவம் கைகொடுக்காமல் போகிறது. தூதுவருக்குத் தலைநகரிலிருந்து அறிவுறுத்தல் வரும். தொண்டு நிறுவனத் தலைவருக்கு அப்படி யாரும் சொல்லித் தரமாட்டார்கள். தூதுவர் காசு தேட வேண்டியதில்லை, திறைசேரி கொடுக்கும். இங்கே சம்பளக் காசிலிருந்து தறப்பாள் வரை யாரிடமாவது கேட்டுத்தான் வாங்க வேண்டும். கிணறு தோண்டத் தந்த காசை மலசலகூடத்துக்குத் திருப்ப முடியாது, கொடுத்தவர் தலையில் நிற்பார். ஸ்போல்யாரிச் தலைவரான சில மாதங்களிலேயே, 2023இல், செஞ்சிலுவைக் குழு 430 மில்லியன் சுவிஸ் பிராங்க் செலவைக் குறைப்பதாக அறிவிக்க வேண்டி வந்தது. முதல் அறிவிப்பிலேயே 1,500 வேலைகள் போயின. எந்தக் கள அலுவலகத்தை மூடுவது, எதை வைத்திருப்பது என்று தீர்மானிப்பதற்கு எந்தத் தூதரகத்திலும் பயிற்சி கிடைப்பதில்லை.

சந்தேகமும் கூடவே வரும். ஒரு நாட்டின் தூதுவராக இருந்தவர் அந்த நாட்டின் ஆள் என்ற எண்ணம் இலகுவில் போகாது. சேர் ஜோன் ஹோம்ஸ் பாரிஸில் பிரித்தானியத் தூதுவராக இருந்துவிட்டு 2007இல் ஐ.நா.வின் மனிதாபிமான விவகாரப் பொறுப்புக்கு வந்தார். அந்த ஓகஸ்டில் இலங்கைக்கு வந்து, நிவாரணப் பணியாளர்களுக்கு உலகிலேயே மிக ஆபத்தான இடங்களில் ஒன்று இது என்றார். அமைச்சர் ஒருவர் அவரைப் பயங்கரவாதி என்றே பகிரங்கமாகச் சொன்னார். பிறகு ஹோம்ஸ் பிரித்தானியாவில், சர்வதேச விவகாரங்களில் கலந்துரையாடல்கள் நடத்தும் டிச்லி அறக்கட்டளையின் பணிப்பாளராகப் போனார்.

ஆபத்தான இடம் என்று ஹோம்ஸ் எதை மனதில் வைத்துச் சொன்னார் என்று எங்கள் மாவட்டத்தில் யாருக்கும் விளக்கத் தேவையில்லை. அதற்குச் சரியாக ஒரு வருடத்துக்கு முன், 2006 ஓகஸ்ட் 4ஆம் திகதி, பட்டினிக்கு எதிரான செயற்பாடு என்ற பிரெஞ்சு நிறுவனத்தின் உள்ளூர் ஊழியர்கள் 17 பேர் மூதூரில் அவர்களுடைய அலுவலக வளவுக்குள்ளேயே சுட்டுக் கொல்லப்பட்டார்கள். பதின்மூன்று ஆண்கள், நான்கு பெண்கள். சுனாமியால் பாதிக்கப்பட்டவர்களுக்குத் தண்ணீரும் சுகாதார வசதியும் செய்து கொடுக்கப் போனவர்கள், சண்டை தொடங்கித் திரும்பி வர வழியில்லாமல் அகப்பட்டவர்கள். நிறுவனத்தின் ரீசேட்டைப் போட்டிருந்தார்கள். அந்த ரீசேட் அவர்களைக் காப்பாற்றும் என்று நாங்கள் எல்லோருமே நம்பிக்கொண்டிருந்த காலம் அது. இன்றுவரை ஒருவரும் தண்டிக்கப்படவில்லை. 2008இல் அந்த நிறுவனம் நாட்டை விட்டே போய்விட்டது.

தங்கச்சி, இதை எழுதும்போது எனக்குக் கை ஓடவில்லை. அந்தப் பதினேழு பேரில் சிலரோடு மூதூருக்குப் போகும் லோஞ்சுப் படகில் அக்கம்பக்கமாக இருந்து போய்வந்திருக்கிறேன். தொண்டு நிறுவனத் தலைவர்களைப் பற்றி எழுதுகிறவர்கள் அநேகமாக ஜெனீவா, லண்டன், ஒஸ்லோவோடு கதையை முடித்துவிடுகிறார்கள். ஆனால் ஜெட்டியில் கடற்படைச் சிப்பாயோடு சிங்களத்தில் கதைத்து, அக்கரையில் இறங்கி வேறொரு துவக்கோடு தமிழில் கதைத்து, ஒருவரிடம் சொன்னதை மற்றவரிடம் சொல்லாமல் வைத்திருந்தது உள்ளூர்ப் பிள்ளைகள். இராஜதந்திர வேலையின் பாரமான பகுதியை அவர்கள்தான் செய்தார்கள், இராஜதந்திரிக்கு உள்ள எந்தப் பாதுகாப்பும் இல்லாமல். 1961ஆம் ஆண்டின் வியன்னா உடன்படிக்கை தூதரக அதிகாரியின் உடலைத் தொடக்கூடாது என்கிறது. மூதூர் லோஞ்சில் போனவர்களுக்கு அப்படியொரு தாள் இருக்கவில்லை. ஒரு முன்னாள் தூதுவர் நல்ல தலைவரா இல்லையா என்று அளக்க என்னிடம் உள்ள அளவுகோல் இது ஒன்றுதான். தனக்கு இருந்த அந்தப் பாதுகாப்பு தன்னுடைய உள்ளூர் ஊழியருக்கு இல்லை என்பது அவருக்கு ஒவ்வொரு நாளும் உறுத்த வேண்டும். கடைசி லோஞ்சுக்கு முதலே அவர்களைத் திருப்பி எடுக்க வேண்டும் என்று அவருக்குத் தோன்ற வேண்டும்.

இனி உங்கள் கடைசிக் கேள்வி, எங்கள் பிள்ளைகளுக்கு வழி உண்டா என்பது.

வழி ஒன்றல்ல. மைக் ஆரன்சன் என்ற பிரித்தானியர் முதலில் இளைஞனாக 'சேவ் த சில்ட்ரன்' என்ற சிறுவர் தொண்டு நிறுவனத்தோடு நைஜீரியாவில் நிவாரண வேலைக்குப் போனார். அப்புறம் 1972இல் இராஜதந்திர சேவையில் சேர்ந்து 1988 வரை இருந்தார். பிறகு அதே நிறுவனத்துக்குத் திரும்பி வந்து, 1995 முதல் 2005 வரை அதன் தலைமைப் பணிப்பாளர். சுனாமி வந்தபோதும் அவர்தான் அந்தப் பொறுப்பில் இருந்தார். களம், தூதரகம், மறுபடி தொண்டு என்ற அந்த ஒழுங்கு எனக்கு மிகவும் பிடிக்கும். மார்ட்டின் கிரிஃபித்ஸ் 'அக்ஷன் எய்ட்' நிறுவனத்தை நடத்தியவர், 1999இல் ஜெனீவாவில் மனிதாபிமான உரையாடலுக்கான நிலையத்தின் முதல் பணிப்பாளரானார். அடுத்த வருடமே அந்த நிலையம் இந்தோனேசிய அரசுக்கும் ஆச்சே மாகாணப் போராளிகளுக்கும் இடையில், நிவாரணத்துக்காகச் சண்டையை நிறுத்தி வைக்கும் மனிதாபிமான இடைநிறுத்தம் ஒன்றைக் கொண்டுவந்தது. ஒரு தொண்டு நிறுவனம் தூதரகத்தின் வேலையைச் செய்தது என்றுதான் அதைச் சொல்ல வேண்டும். பிறகு அவர் யெமனுக்கான ஐ.நா. தூதராகப் போனார்.

எங்கள் நாட்டில் ஜயந்த தனபால இருந்தார். 1965இல் வெளிநாட்டுச் சேவையில் சேர்ந்தவர். 1995இல் அணு ஆயுதப் பரவல் தடை உடன்படிக்கையின் மீளாய்வு மாநாட்டுக்குத் தலைமை தாங்கி, பிரிந்து நின்ற நாடுகளை ஒரு முடிவுக்குக் கொண்டுவந்தார். ஐ.நா.வில் ஆயுதக் களைவுக்கான துணைச் செயலாளர் நாயகமாக இருந்துவிட்டு, 2007 முதல் 2017 வரை பக்வாஷ் அமைப்பின் தலைவர். அணு ஆயுதத்துக்கு எதிராக விஞ்ஞானிகள் சேர்ந்து நடத்தும் அமைப்பு அது. சுனாமியின்போது கொழும்பில் இந்தியாவின் உயர் ஸ்தானிகராக இருந்த நிருபமா ராவ், ஓய்வுக்குப் பிறகு 2018இல் தன் கணவரோடு சேர்ந்து தெற்காசிய சிம்பொனி அறக்கட்டளையைத் தொடங்கினார். தெற்காசிய நாடுகளின் இளம் இசைக்கலைஞர்களை ஒரே மேடையில் இருத்துவதுதான் அதன் வேலை. தொண்டு என்றாலே தறப்பாளும் பருப்பும் மட்டுமென்று நினைக்கத் தேவையில்லை.

இலங்கை வெளிநாட்டுச் சேவைக்குப் போட்டிப் பரீட்சை உண்டு. பட்டம் வேண்டும், வயதெல்லை உண்டு, எடுக்கும் ஆட்கள் மிகக் குறைவு. வர்த்தமானி அறிவித்தல் எப்போது வரும் என்று பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும், ஒவ்வொரு வருடமும் வராது. ஐ.நா.வின் இளம் தொழில்வாண்மையாளர் திட்டத்துக்கு 32 வயது வரை விண்ணப்பிக்கலாம், எந்த நாட்டவருக்கு என்பது வருடத்துக்கு வருடம் மாறும். செஞ்சிலுவைக் குழுவில் ஒரு காலம் சுவிஸ்காரர் மட்டும்தான் பிரதிநிதிகளாகப் போகலாம், 1990களிலிருந்து மற்ற நாட்டவரையும் எடுக்கிறார்கள். ஆனால் பரீட்சை கிடைக்கும் வரை சும்மா இருக்க வேண்டாம். கிண்ணியாவிலோ மூதூரிலோ வெருகலிலோ உள்ளூர் அமைப்பொன்றில் இரண்டு வருடம் வேலை செய்யுங்கள். கணக்குப் புத்தகம் எழுதப் பழகுங்கள். ஒரு விதவைப் பெண்ணுக்குக் காணி உறுதி எடுத்துக் கொடுக்க எத்தனை கந்தோர் ஏற வேண்டும் என்று பார்த்தவர், பிறகு எந்த மாநாட்டு மேசையிலும் தடுமாறமாட்டார்.

நீங்கள் சண்முகாவில் படித்ததாக எழுதியிருந்தீர்கள். 1923இல் தங்கம்மா சண்முகம்பிள்ளை தொடங்கிய பள்ளிக்கூடம் அது. தூதுவர் பட்டம் எதுவும் இல்லாமல் ஒரு பெண் இந்த ஊரில் தொடங்கியது நூறு வருடம் தாண்டி நிற்கிறது, அதன் வாசலால்தான் நீங்கள் வெளியே வந்தீர்கள்.

திருகோணமலைப் பிள்ளைக்கு இந்தத் தொழிலில் பிறப்பிலேயே ஒரு மூலதனம் உண்டு. ஒரே சந்தையில் தமிழும் சிங்களமும் கேட்டு வளர்கிறோம், மூதூர் லோஞ்சில் நோன்புக் கஞ்சியும் கோயில் பிரசாதமும் கைமாறுவதைப் பார்த்திருக்கிறோம். ஆனால் நம்மில் பலர் சிங்களத்தைக் காதால் மட்டும் வைத்திருக்கிறோம், எழுதத் தெரியாது. அதுதான் உங்கள் குறை என்றால் இந்த வருடமே சரிப்படுத்துங்கள். எனக்குச் சிங்களம் எழுதக் கற்றுத் தந்தவர் பாலையூற்றில் இன்னும் இருக்கிறார், சனிக்கிழமைகளில் பிள்ளைகளுக்குப் படிப்பிக்கிறார். நீங்கள் வருவதாக இருந்தால் சொல்லுங்கள், அவரிடம் கேட்டு வைக்கிறேன். வரும்போது ஒரு சின்னக் கொப்பியும் கொண்டு வாருங்கள்.